மானகிரிக்குக் கொண்டுபோன செய்தி

முதலில் என்னைப் பொறுத்துக்கொள்ள வேண்டும். காசிக்குப் போனவர்களும் சீமைக்குப் போனவர்களும் எழுதிய பிரயாணங்களைப் பத்திரிகையில் வாசித்திருக்கிறேன். நான் எட்டாவது வரை படித்த தச்சன். நாலு பேர் கூடிய இடத்தில் என் பெயரைச் சொல்லவே நாக்கு ஒட்டிக்கொள்ளும். போன இடமும் புதிய இடம் அல்ல. கொழும்பிலிருந்து சொந்த ஊரான மானகிரிக்குத்தான் போனேன். அதில் எழுத என்ன இருக்கிறது என்று கேட்கலாம். வாயால் சொல்ல முடியாமல் கிடந்ததைக் கையாலாவது சொல்லிப் பார்க்கலாம் என்று தோன்றியது. அவ்வளவுதான்.

நானும் அப்பாவும் கொழும்பில் ஒரு மரப்பட்டறையில் வேலை பார்த்தோம். அப்பா பெயர் வயிரவன் ஆசாரி. ஐப்பசி பிறந்த வாரத்தில் மழையில் நனைந்தார், காய்ச்சல் கண்டது, ஆறாம் நாள் இறந்துபோனார். அங்கேயே எரித்து, தலையும் மீசையும் மழித்துப் பதினாறாம் நாள் காரியமும் செய்து, அஸ்தியைக் களனி ஆற்றில் கரைத்தேன்.

ஊரில் இருக்கும் அம்மாவுக்குக் கடிதம் எழுத மூன்று முறை உட்கார்ந்தேன். அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. தபால்காரர்தான் தெருவில் நின்று சத்தமாக வாசிப்பார். நாற்பது வருஷத்துக்கு மேல் கூட வாழ்ந்தவர் போய்விட்டார் என்பதை அவள் அப்படிக் கேட்பதை நினைத்ததும் பேனா நகரவில்லை. தந்தி அதைவிட மோசம். நானே போய்ச் சொல்வது என்று முடிவு செய்தேன். ஒப்புக்கொண்ட வேலையை முடித்துக் கிளம்ப இருபத்தைந்து நாள் ஆகிவிட்டது. அந்த இருபத்தைந்து நாளும் அம்மா அங்கே குங்குமம் வைத்துக்கொண்டிருந்தாள்.

திங்கட்கிழமை கடலைக் கடந்தேன். கார்த்திகைக் கடல். கப்பல் ஒரு பக்கம் சாய்ந்து, நிமிராமலே போய்விடுமோ என்று தோன்றும்வரை சாய்ந்தே இருக்கும். பிறகு மெல்ல நிமிரும். பக்கத்தில் இருந்த பெண்பிள்ளைகள் வாந்தி எடுத்துக்கொண்டே முருகனைக் கூப்பிட்டார்கள். இரண்டு வருஷத்துக்கு முன் இதே கடலில் அப்பா கண்ணை இறுக மூடிக்கொண்டு என் மணிக்கட்டைப் பிடித்திருந்தார். "கரை தெரியுதாடா?" என்று நிமிஷத்துக்கு ஒரு தரம் கேட்டார். நான் "தெரியுது" என்றேன். தெரியவில்லை. இறங்கிய பிறகு பார்த்தால் அவர் நகம் பதிந்த நாலு பிறை என் கையில் இருந்தது. இந்தத் தடவை தனுஷ்கோடியில் இறங்கும்போது என் இடது கை என் வலது மணிக்கட்டைப் பிடித்திருந்தது. எப்போது பிடித்தேன் என்று தெரியாது.

சுங்கத்தில் என் மூட்டையை அவிழ்க்கச் சொன்னார்கள். இரண்டு வேட்டி, ஒரு பொட்டலம் விபூதி, தங்கை சிவகாமிக்கு ஒரு கண்ணாடி, பிறகு அப்பாவின் வாச்சி. மரத்தைச் செதுக்குகிற அந்த வாச்சியின் பிடியில் பித்தளைப் பூண் போட்டிருக்கும். அப்பா அதை வேறு யாரையும் தொட விடமாட்டார். என்னைக்கூட.

"இது யாருடையது?" என்று உத்தியோகஸ்தர் கேட்டார்.

"என்னுடையது" என்றேன். அந்தப் பிரயாணத்தில் நான் சொன்ன முதல் பொய் அதுதான். அதைச் சொன்னபோது முதுகுக்குப் பின்னால் யாரோ கனைத்ததுபோல் இருந்தது. திரும்பிப் பார்க்கத் துணிச்சல் இல்லை.

மானாமதுரையில் காப்பி கிளப்பில் இட்லி சாப்பிட உட்கார்ந்தேன். கொழும்பில் இரண்டு வருஷமாகப் பாண் என்கிற ரொட்டியும் தேங்காய்ச் சம்பலுமாகத் தின்றவனுக்கு அந்த ஆவி முகத்தில் பட்டதும் பசிக்க வேண்டும். நான் இட்லியைத் தொடாமல் உட்கார்ந்திருந்தேன். நாளைக்கு இந்நேரம் சொல்லியிருப்பேன் என்று நினைத்தேன். எந்த வார்த்தையில் தொடங்குவது? 'அய்யா இறந்துட்டாக' என்பதா? 'அய்யா போயிட்டாக' என்பதா? பரிமாறுகிறவர் வந்து இலையைப் பார்த்தார்.

"என்ன அண்ணே, ஒரு இட்லியை வச்சுக்கிட்டு ஊர்ப் பஞ்சாயத்தா பண்றீக?"

சாப்பிட்டேன். என்ன ருசி என்று சொல்லத் தெரியவில்லை.

செவ்வாய்க்கிழமை மோட்டார் பஸ். மழை பெய்து பாதை கூழாகிக் கிடந்தது. ஏறியவர்கள் எல்லோரும் பாதித் தூரம் இறங்கித் தள்ளினோம். கல்லல் தாண்டி வண்டி ஒரேயடியாகப் படுத்துவிட்டது. டிரைவர் கீழே படுத்து எதையோ தட்டிக்கொண்டிருந்தார். நான் ஒரு வேலமரத்தடியில் ஒதுங்கினேன். வண்டி கிளம்பாமல் இப்படியே நாள் முழுக்கக் கிடந்தால் நல்லது என்று வேண்டிக்கொண்டிருந்தபோது ஒரு கை என் தோளில் விழுந்தது.

"யாரது, வயிரவன் ஆசாரி மகன் சுப்பையாவா? என்னப்பா இது, தலையும் மூஞ்சியும் ஒண்ணா வழிச்சுக்கிட்டு வந்திருக்கே! அடையாளமே தெரியலையே!"

எங்கள் ஊர்க் கருப்பையா அம்பலம். எங்கள் வீட்டுக்கு மூன்றாம் வீடு. நல்ல மனிதர்தான், ஆனால் அவர் காதில் விழுவது சாயந்தரத்துக்குள் கிணற்றடிவரை போய்விடும். அம்மாவுக்கு முன்னால் இவருக்குச் சொல்லக்கூடாது என்பது மட்டும்தான் எனக்கு அப்போது தோன்றியது.

"கதிர்காமத்துல முடி எறக்கினேன்" என்றேன்.

"மீசையுமா?"

"மீசையும் வேண்டுதல்தான்."

"ஏம்ப்பா, முருகனுக்கு உன் மீசை எதுக்கு? அவருக்கே இல்லை, வாங்கி ஒட்டவா போறாரு?" பஸ் தள்ளியவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவைத்தேன். கதிர்காமத்து முருகனைச் சாட்சிக்கு இழுத்துவிட்டேனே என்ற பயம் ஒரு பக்கம்.

அம்பலம் விடவில்லை. "உங்கய்யா எங்க? பின்னால வாராகளா? பொண்ணு கல்யாணத்துக்குக்கூடவா வேலை வேலைன்னு கெடப்பாக?"

"யாருக்குக் கல்யாணம்?"

"சரியாப்போச்சு! தங்கச்சி கல்யாணத்துக்கு வாரவன், யாருக்குக் கல்யாணம்னு எங்கிட்டக் கேக்கிறான். ஏப்பா, வார வெள்ளிக்கிழமைடா! கண்டரமாணிக்கத்து மாப்பிள்ளை. உங்காத்தா கடுதாசி போட்டுச்சே, வரலையா?"

வரவில்லை. நான் கிளம்பிய பிறகு கொழும்புக்குப் போய்ச் சேர்ந்திருக்கும்.

இந்த இடத்தில் எங்கள் வழக்கத்தைச் சொல்ல வேண்டும். வீட்டில் பெரியவர் இறந்தால் ஒரு வருஷத்துக்கு அந்த வீட்டில் கல்யாணம் கிடையாது. தூரதேசத்தில் இறந்தவருக்கு, செய்தி காதில் விழுந்த நேரத்திலிருந்துதான் தீட்டு. சொல்லாதவரைக்கும் சாவு ஊருக்குள் வரவில்லை. சொல்லிவிட்டால் அந்த நிமிஷத்தில் வந்துவிடும். மாப்பிள்ளைப் பையன் மார்கழிக்குள் பர்மாவுக்குக் கப்பலேறுகிறவன் என்று அம்பலம் சொன்னார். போனால் மூன்று வருஷம். சிவகாமிக்கு ஏற்கெனவே ஒரு இடம் நிச்சயமாகித் தட்டிப்போயிருக்கிறது. இரண்டாவதும் தட்டினால் ஊர் அவளுக்கு என்ன பெயர் வைக்கும் என்று எனக்குத் தெரியும். என்னைவிட இருபத்து நாலு வயது இளையவள். எனக்கு மனைவியும் இல்லை, பிள்ளையும் இல்லை. எனக்கு மிச்சம் இருந்த குழந்தை அவள்தான்.

ஒரு வார்த்தை சொன்னால் தங்கையின் கல்யாணம் போச்சு. சொல்லாவிட்டால், புருஷன் இறந்தது தெரியாமல் அம்மா பூ வைத்துக்கொண்டு மணவறையில் நிற்பாள். வண்டி கிளம்பிவிட்டது. எனக்கு ஏறத்தான் வேண்டியிருந்தது.

வீட்டுக்குப் போனபோது உச்சி வெயில். மழைக்குப் பிறகு வந்த வெயில், சுள்ளென்று இருந்தது. பந்தல்கால் நட்டு, தென்னங்கீற்று முடைந்து அடுக்கியிருந்தது. அம்மா வாசலில் முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். முகத்தில் மஞ்சள்.

சாவுச் செய்தி கொண்டுவருகிறவன் எங்கள் பக்கத்தில் வாசற்படி தாண்டமாட்டான். வெளியே நின்று சொல்லிவிட்டு, ஒரு வாய்த் தண்ணீர்கூட வாங்காமல் திரும்பிவிடுவான். நான் படிக்கு வெளியே நின்றேன். அம்மா நிமிர்ந்தாள். என் முகத்தைப் பார்த்தாள், தலையைப் பார்த்தாள். மூட்டையிலிருந்து நீட்டிக்கொண்டிருந்த பித்தளைப் பூணைப் பார்த்தாள். எனக்குப் பின்னால் தெருக்கோடிவரைக்கும் ஒரு தரம் பார்த்தாள்.

"ஆத்தா, அய்யா—"

"உங்கய்யாவுக்கு வேலை முடிஞ்சிருக்காது. எனக்குத் தெரியும். வாசல்ல ஏன் நிக்கிறே? உள்ள வா."

"இல்லை ஆத்தா, நான்—"

"உள்ள வாடா சுப்பையா. ஏ சிவகாமி, அண்ணனுக்குத் தண்ணி கொண்டா!"

சிவகாமி செம்போடு ஓடிவந்தாள். சிரித்துக்கொண்டே வந்தாள். நான் வாசற்படியைத் தாண்டினேன். தண்ணீரையும் வாங்கிக் குடித்தேன். நான் செய்த தப்பு அதுதான் என்று அன்றைக்கு முழுவதும் நினைத்துக்கொண்டிருந்தேன். உள்ளே வந்துவிட்டவன் இனி எப்படிச் சொல்வான்?

அம்மா அடுப்படிக்குப் போனாள். ஒரு சட்டி விழுந்த சத்தம் கேட்டது. கொஞ்ச நேரம் கழித்து வெளியே வந்தபோது வலது கையில் பழந்துணி சுற்றியிருந்தாள்.

"சட்டியைத் துணியில்லாமப் பிடிச்சுட்டேன். சுட்டுருச்சு" என்றாள். "ஒண்ணுமில்லை. நீ சாப்பிடு."

புளிக்குழம்பும் சுண்டைக்காய் வற்றலும் போட்டாள், இடது கையால். அப்பாவுக்குப் பிடித்த குழம்பு. அவர் அந்த வற்றலை முதலில் எண்ணிப் பார்ப்பார். நாலுக்குக் குறைந்தால் அம்மாவை ஏறிட்டுப் பார்ப்பார். அவள் பார்க்காததுபோல் இன்னும் இரண்டு போடுவாள். எனக்கு ஆறு போட்டாள்.

புதன்கிழமை காலையில் அம்மா அடுப்படியில் தனியாக இருந்தாள். இதுதான் சமயம் என்று போனேன்.

"ஆத்தா, ஒரு விஷயம் சொல்லணும்."

அம்மா இடது கையால் தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை. "நல்ல விஷயமா?"

நான் குனிந்து அடுப்பில் விறகைத் தள்ளினேன்.

"அப்ப வெள்ளிக்கிழமை கழிச்சுச் சொல்லு."

"ஆத்தா—"

"வெள்ளிக்கிழமை கழிச்சுன்னேன்ல? போயி காரைக்குடியில சமையக்காரரைப் பாத்து, நாளைக்குப் பொழுதோட வந்துறச் சொல்லு. வெத்தலைக்கும் சொல்லிட்டு வா. நிக்காதே."

காரைக்குடிக்கு நடந்தேன். வழியெல்லாம் ஒரே யோசனை. அம்மாவுக்குத் தெரிந்துவிட்டதா? அல்லது அப்பாவுக்குக் காலில் அடி, வேலை போய்விட்டது, இப்படி ஏதாவது சின்னக் கெடுதல் என்று நினைத்துத்தான் தள்ளிவைக்கிறாளா? அப்படியானால் நான் அவளை ஏமாற்றுகிறேன். தெரிந்தேதான் தள்ளுகிறாள் என்றால், அந்த எண்ணம் அதைவிடப் பயமாக இருந்தது. சமையற்காரர் பேசியதில் பாதி காதில் விழவில்லை. பெரிய வீடுகளின் சுவரெல்லாம் முட்டைச் சுண்ணாம்பு பூசிப் பளபளவென்றிருந்தது. ஒவ்வொரு சுவரிலும் என் மொட்டைத்தலை நிழலாக வந்தது. அதைப் பார்க்காமல் இருக்க நடுத்தெருவில் நடந்தேன். ஒரு குதிரைவண்டிக்காரர் வைதார்.

திரும்பிவந்தால் வாசலில் ஏழெட்டுப் பெண்கள். கதிர்காமத்து விபூதி வேண்டுமாம். அம்பலம் தம் வேலையைச் செய்துவிட்டார். என்னிடம் இருந்தது கொழும்புக் கோயில் ஒன்றில் வாங்கிய விபூதி. அப்பாவின் காரியத்துக்கு வாங்கியதில் மிச்சம். அதைத்தான் ஒவ்வொருவருக்கும் கிள்ளிக் கிள்ளிக் கொடுத்தேன். வாங்கிப் பூசிக்கொண்டார்கள். சிவகாமியும் நெற்றியை நீட்டினாள். என் விரல் அவள் நெற்றிக்குப் போகவே இல்லை.

"என்னண்ணே, எனக்கு மட்டும் கிடையாதா?"

அம்மா உள்ளேயிருந்து குரல் கொடுத்தாள். "கல்யாணப் பொண்ணுக்கு நம்ம குலசாமி விபூதி போதும்டீ. வந்து நெல்லை அள்ளு."

நான் பொட்டலத்தை மடித்துவிட்டு அடுப்படிப் பக்கம் பார்த்தேன்.

வியாழக்கிழமை கண்டரமாணிக்கத்துக்கு அனுப்பினாள். மாப்பிள்ளை வீட்டார் எத்தனை வண்டி வருகிறார்கள் என்று கேட்டுவர வேண்டும். வண்டிக்காரர் ஒருவரைப் பிடித்துப் போனேன். சம்பந்தியம்மாள் மோர் கொடுத்தார்கள். நல்ல மனுஷி. வாய் ஓயாது.

"உங்கய்யா வரலைங்கிறது ஒண்ணுதான் கொறை. போகட்டும், கொழும்புக்காரவுக ஒருத்தர் வாராகல்ல எங்க பக்கத்துல. இளையாத்தங்குடி சாத்தையா கொத்தனார். எங்க வீட்டுக்காரவுகளுக்கு ரொம்ப வேண்டியவக. கண்டியில வேலை முடிஞ்சு வந்து நாலு நாளாச்சு. பொண்ணு யாருன்னுகூடக் கேக்காம, கல்யாணத்துக்கு நேரா வந்துர்றேன்னாக. உங்களுக்குத் தெரியுமில்ல?"

தெரியும். அப்பாவும் அவரும் ஒரே கட்டடத்தில் வேலை செய்தவர்கள். அப்பா இறந்தபோது அவர் கண்டியில் இருந்தார். ஆள் அனுப்பிச் செய்தி சொல்லியிருந்தேன். அவர் இன்னும் என்னிடம் துக்கம் கேட்கவில்லை. எங்கள் வழக்கத்தில் துக்கம் கேட்கிறவர் பேசமாட்டார். இறந்தவர் வீட்டாரை முதன்முதலில் பார்க்கும்போது இரண்டு கைகளையும் சேர்த்து முன்னால் நீட்டுவார். இவர்கள் அதைத் தொட வேண்டும். எந்த இடம், எந்த வேளை என்று பார்ப்பதில்லை. கை தானாக நீண்டுவிடும். கல்யாணப் பந்தலில், இருநூறு பேர் நடுவில், சாத்தையா கொத்தனாரின் இரண்டு கைகளும் என்னை நோக்கி நீளுவதை அந்த மோர்ச் செம்பிலேயே பார்த்துவிட்டேன்.

வண்டியை இளையாத்தங்குடிக்குத் திருப்பச் சொன்னேன். வண்டிக்காரர் முனகினார். "மானகிரி அங்குட்டு இருக்கு, நீங்க இங்குட்டுத் திருப்பச் சொல்றீக. மாடு என்ன உங்க வீட்டு மாடா?" ஒரு வாய்க்காலில் சக்கரம் புதைந்தது. இருவரும் தோள்கொடுத்தோம். என் வேட்டியெல்லாம் சேறு. மாடு படுத்துக்கொண்டது. நான் வண்டியை விட்டுவிட்டு ஓடினேன். ஓட்டம் என்றுதான் சொல்ல வேண்டும்.

கொத்தனார் வீட்டில் இல்லை. அவர் சம்சாரம் என்னைச் சேற்றோடு பார்த்துப் பதறினார்கள். "அவுக புதுக்கோட்டைக்கு அக்கா வீட்டுக்குப் போனாகளே. நாளைக்கு அங்கேயிருந்தே மானகிரிக்கு வாராக. ஏதாச்சும் சொல்லணுமா?"

என்ன சொல்வது? அந்த அம்மாளுக்குத் தெரிந்திருக்கிறதா என்று முகத்தைப் பார்த்தேன். தெரிந்தாலும் தெரியாவிட்டாலும் வாயைத் திறக்க முடியாது. "ஒண்ணுமில்லைம்மா, சும்மாதான்" என்றேன். சேற்றில் விழுந்து எழுந்து ஓடிவந்தவன் சும்மா வந்தேன் என்கிறான். அவர்கள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார்கள்.

வண்டி வரும்வரை கோயில் குளத்துப் படியில் உட்கார்ந்தேன். குளம் நிரம்பியிருந்தது. எனக்கு ஏழு வயதில் அப்பா இங்கே ஒரு வேலைக்கு வந்தபோது என்னையும் தோளில் தூக்கிவந்தார். "இந்தப் படியில உக்காரு. நான் வர்ற வரைக்கும் எந்திரிக்கக் கூடாது" என்று சொல்லிவிட்டுப் போனார். வெயில் ஏறியது, இறங்கியது. அவர் வரவில்லை. தண்ணீர் என் பக்கமாக ஏறி வருகிறது என்று பயந்து அழுதேன். ஆனால் எழுந்திருக்கவில்லை. கடைசியில் மரத்தூள் அப்பிய உடம்போடு வந்து, "நான் வராம எங்கடா போவேன்?" என்று அதட்டித் தூக்கிக்கொண்டார். அவர் கழுத்தில் தேக்குத்தூள் வாசனை.

அதே படியில் நாற்பத்தோரு வயதில் உட்கார்ந்திருந்தேன். கொழும்பில் எரித்தபோதும் எனக்கு அழுகை வரவில்லை. அந்தப் படியில் வந்தது. சத்தம் வராமல் இருக்கத் துண்டை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டேன். வண்டிக்காரர் வந்து பார்த்துவிட்டு, "அட, மாடு எந்திரிச்சுருச்சு, அதுக்குப் போயி ஏன் அழுகுறீக?" என்றார். பாவம், மாட்டுக்காக அழுகிறேன் என்று நினைத்துவிட்டார்.

வெள்ளிக்கிழமை.

மேளம் தொடங்கியதிலிருந்து நான் பந்தல் வாசலிலேயே நின்றேன். வருகிற ஒவ்வொரு வண்டியையும் பார்த்தேன். கொத்தனாரைத் தனியே மடக்கிவிட வேண்டும். முகூர்த்தம் நெருங்கியும் வரவில்லை. வரமாட்டார் என்று ஒரு நினைப்பு. அப்படி நினைத்ததாலேயே வந்துவிடுவார் என்று ஒரு பயம்.

உள்ளே சித்தப்பாவும் சின்னம்மாவும் பெண்ணைத் தாரைவார்க்க உட்கார்ந்தார்கள். அப்பா ஊரில் இல்லாததால் அம்மாதான் அப்படி ஏற்பாடு செய்திருந்தாள். சின்னம்மாவுக்கு அதில் ஒரே பெருமை, கொஞ்சம் ஏச்சும் உண்டு.

"பெத்தவ ஒருத்தி, மக கல்யாணத்துக்குப் பாத்துக் கையைச் சுட்டுக்கிட்டா! ஆரத்தியும் நானே எடுக்கணும், நலங்கும் நானே வைக்கணும். அக்கா, சோறு வடிக்கத் தெரியாதவளா நீ?"

"நாப்பது வருசமா வடிச்ச சட்டிதான். இப்பத்தான் எம்மேல கோவிச்சுக்கிருச்சு" என்றாள் அம்மா. எல்லோரும் சிரித்தார்கள்.

தாலித்தட்டைச் சுமங்கலிகள் மட்டும்தான் தொடலாம். ஒவ்வொருவராகத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். தட்டு அம்மாவிடம் வந்தது. அவள் துணி சுற்றிய கையை உயர்த்திக் காட்டி, "கட்டுக் கையாலயா தொடுவாக? அங்குட்டுக் கொண்டுபோங்க. எனக்கு உலை பொங்குது" என்று அடுப்புக் கொட்டகைக்குப் போய்விட்டாள். கெட்டிமேளம் கொட்டியது. சிவகாமி கழுத்தில் தாலி ஏறியது. நான் அட்சதைத் தட்டில் கையை விட்டு அள்ளினேன். அள்ளியது பாதி கீழே கொட்டியது.

அப்போதுதான் அவர் வந்தார். தோளில் துண்டு, கையில் குடை. சாத்தையா கொத்தனார். பந்தலுக்குள் நுழைந்ததும் கூட்டத்தில் என் மொட்டைத்தலையைக் கண்டுவிட்டார். குடையைக் கக்கத்தில் இடுக்கினார். துண்டை எடுத்து இடுப்பில் கட்டினார். முகம் கோணியது. இரண்டு கைகளையும் சேர்த்து முன்னால் நீட்டிக்கொண்டே என்னை நோக்கி வந்தார்.

தாலி ஏறிவிட்டது, இனி என்ன என்று கேட்கலாம். தாலி கட்டிய நாழிகையில் பந்தலுக்குள் துக்கம் விழுந்தால், அந்தப் பெண் கால்வைத்த நேரம் என்று ஆயுசுக்கும் சொல்லுவார்கள். என் கால் மண்ணில் நட்ட கால்போல் நின்றுவிட்டது. அம்பலம் பக்கத்தில்தான் நின்றார். அவர் கண் அந்த நீட்டிய கைகளுக்குப் போனது.

அந்தக் கைகளில் ஒரு சாம்பார் வாளி விழுந்தது.

"கையை நீட்டிக்கிட்டே வந்தீகளா, நல்லதாப்போச்சு" என்றாள் அம்மா. கொட்டகையிலிருந்து எப்போது வந்தாள் என்று தெரியாது. இடது கையால் வாளியை அவர் கைகளில் மாட்டிவிட்டு, நேராக அவர் முகத்தைப் பார்த்தாள். "பந்திக்கு ஆள் இல்லாமத் தவிச்சுக்கிட்டிருக்கேன் கொத்தனாரே. பிடிங்க. எதுவா இருந்தாலும் எல்லாரும் சாப்பிட்ட பெறகு. என்ன?"

கொத்தனார் அவள் நெற்றிக் குங்குமத்தைப் பார்த்தார். மணவறையைப் பார்த்தார். கையில் சுற்றியிருந்த துணியைப் பார்த்தார். அவருக்கு எவ்வளவு நேரம் பிடித்தது என்று என்னால் சொல்ல முடியாது. எனக்கு அது அந்தக் கடலைக் கடந்த நேரத்தைவிட நீளம்.

"சரி ஆத்தா" என்றார். வாளியோடு பந்திக்குப் போனார்.

அம்பலம் அவர் பின்னாலேயே போய் முதல் இலையில் உட்கார்ந்தார். "கொத்தனாரே, சாந்து பூசுற மாதிரி ஒரே எடத்துல ஊத்தாதீக. இங்குட்டும் வாங்க" என்றார். பந்தி சிரித்தது. கொத்தனார் மூன்று பந்திக்கும் பரிமாறினார். குனியும்போதெல்லாம் துண்டால் கண்ணைத் துடைத்தார். சாம்பார் ஆவி என்று நினைத்திருப்பார்கள். போகும்போது என் பக்கம் வந்தார். கை நீட்டவில்லை. "வண்டிக்கு நேரமாச்சு, தம்பி" என்று மட்டும் சொன்னார்.

சாயந்தரம் அம்மா எனக்குச் சோறு போட்டாள். காலையிலிருந்து நான் ஒன்றும் சாப்பிடவில்லை என்பது அவளுக்குத் தெரிந்திருந்தது. "கை எப்படி இருக்கு ஆத்தா? மருந்து போட்டியா?" என்று கேட்டேன். "நாளைக்கு அவுத்துப் பாத்துக்கலாம்" என்றாள். அவள் மனசில் என்ன இருக்கிறது என்று அப்போதும் எனக்கு நிச்சயமாகத் தெரியவில்லை. நாளைக்குச் சொல்ல வேண்டும் என்ற பயம் சோற்றோடு இறங்கியது.

மறுநாள் சனிக்கிழமை காலையில் பெண்ணையும் மாப்பிள்ளையையும் கண்டரமாணிக்கத்துக்கு வண்டியேற்றினோம். வண்டி மறைந்ததும் அம்மா என்னை ஊருணிக்குக் கூட்டிப்போனாள். கரையில் நின்று சொன்னேன். அவள் குங்குமத்தை அழித்துவிட்டு, வலது கைத் துணியை அவிழ்த்துத் தண்ணீரில் அலசினாள். கையில் சூட்டுக்காயம் எதுவும் இல்லை. இருவரும் முழுகிவிட்டு ஈரத்துணியோடு வீட்டுக்கு நடந்தோம். உச்சிப்பொழுதுக்கு உறவுக்காரர்கள் துக்கம் கேட்க வரத் தொடங்கினார்கள்.